கிழங்கு மருந்து

நான் கோபக்காரன். முதலிலேயே சொல்லிவிடுகிறேன். முப்பது வருஷம் பள்ளிக்கூடத்தில் விஞ்ஞானம் படிப்பித்தேன். அதில் பாதி கத்தியே கழிந்தது. பெடியள் எனக்கு வைத்திருந்த பட்டப்பெயரை இங்கே எழுத முடியாது. இப்போது பல் போய்விட்டது, காது அரைவாசி போய்விட்டது, கோபத்தில் மட்டும் ஒரு குறையும் இல்லை. அந்தக் கோபம் ஒருமுறை என்ன செய்தது என்பதை எழுதி வைக்கத்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

போன மாதம் பழைய மாணவன் ஒருவன் வந்தான். இப்போது பெரிய வைத்தியன். தடித்த புத்தகம் ஒன்றைத் தந்துவிட்டுப் போனான். உடம்பை ஆக்கியிருக்கிற, கண்ணுக்குத் தெரியாத நுண்ணிய கலங்கள் ஒன்றுக்கொன்று எப்படிச் செய்தி அனுப்புகின்றன என்று அதில் படம் படமாகப் போட்டிருக்கிறது. ஒரு கலம் ஓர் இரசாயனத்தைச் சுரந்து இரத்தத்தில் விடுகிறது. அது உடம்பு முழுக்கச் சுற்றுகிறது. எல்லாக் கலமும் அதை வாங்குவதில்லை. வாங்குவதற்கென்று தன் மேற்பரப்பில் ஓர் இடம் வைத்திருக்கிற கலம் மட்டும் வாங்கும். வாங்கியதும் உள்ளே ஒவ்வொரு வேலையாகத் தொடங்கும். வேலை முடிந்ததும் அந்த இரசாயனத்தை உடம்பே அழித்துவிடும். இன்சுலின் இரத்தத்தில் சில நிமிஷம்தான் இருக்குமாம். செய்தி அழியாமல் கிடந்தாலும் வியாதி, அனுப்புகிற கலம் செத்தாலும் வியாதி, வாங்குகிற கலம் வாங்க மறுத்தாலும் வியாதி. அந்தப் பக்கங்களை இரண்டு நாள் திரும்பத் திரும்ப வாசித்தேன். பிறகு புத்தகத்தை அலுமாரிக்கு மேலே தூக்கி எறிந்துவிட்டேன்.

என் மனைவிக்கு, அனுப்புகிற கலங்கள் செத்துப்போயிருந்தன.

எங்களுக்குக் கல்யாணமாகி மூன்றாம் வருஷம் அது. இரண்டாம் உலக யுத்தம் தொடங்க இன்னும் நாலு வருஷம் இருந்தது. மருதனார்மடத்துக்குக் கிட்ட, செம்மண் தோட்டங்களுக்கு நடுவில் எங்கள் வீடு. அவள் தோட்டக்காரர் வீட்டுப் பெண். கல்யாணத்தோடு ஒரு பசுக்கன்றையும் கூட்டிக்கொண்டு வந்தவள். அந்தக் கன்று வளர்ந்து மாடாகி, அவளுடைய கைபட்டால்தான் பால் இறக்கும் என்று அடம்பிடித்துக்கொண்டிருந்த காலத்தில்தான் அவளுக்குத் தாகம் தொடங்கியது. சாதாரணத் தாகம் இல்லை. கிணற்றடியில் வாளியை இரண்டு கையாலும் தூக்கி வாய் வைத்துக் குடிப்பாள். குடித்துவிட்டுத் திரும்பி வரும்போதே மறுபடி தாகம். நன்றாகத்தான் சாப்பிட்டாள், ஆனால் கை வளையல் முழங்கை வரைக்கும் ஏறத் தொடங்கிவிட்டது.

மிஷன் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனேன். அங்கேயிருந்த டாக்குத்தர் அதிகம் பேசாத மனுஷர். சிறுநீர் வாங்கிச் சோதித்துப் பார்த்தார், பிறகு என்னை மட்டும் உள்ளே கூப்பிட்டார்.

“சலரோகம், சீனி வியாதி. வயசான ஆக்களுக்கு வாறது மாதிரி இல்லை, இது கடும். இன்சுலின் போட்டால் இருப்பா. விட்டால் பத்துப் பதினைஞ்சு நாள்தான்.”

“போடுவம். என்ன விலையெண்டாலும் போடுவம்.”

“அது மாட்டிலையும் பண்டியிலையும் எடுக்கிற மருந்து. அறுக்கிற இடத்திலை அதின்ரை இரப்பைக்குப் பின்னாலை இருக்கிற சதையியை வாங்கி, வடிச்சு எடுக்கிறது. நீங்கள் சைவக்காரர். அவவுக்குச் சொல்லுறதும் சொல்லாததும் உங்கடை பொறுப்பு.”

நான் யோசிக்கவே இல்லை. வெளியே மர வாங்கில் உட்கார்ந்திருந்தவள் நிமிர்ந்து பார்த்து, “என்னவாம்?” என்று கேட்டாள். ஊசி மருந்து ஒன்று இருக்கிறது, ஒவ்வொரு நாளும் விடியப் போட வேண்டும் என்றேன்.

“உது என்னத்திலை செய்யிறது?”

“சீமையிலை ஒரு கிழங்கு. அதிலை இறக்கிறது.”

கிழங்கு என்றதும் அவளுக்கு முகம் தெளிந்துவிட்டது. கிழங்கு அவளுக்குத் தெரிந்த விஷயம். பஸ்ஸில் திரும்பி வரும்போது அதன் இலை எப்படி, கொடியா செடியா என்றெல்லாம் கேட்டாள். நானும் வெட்கமில்லாமல் ஒரு கொடியை உண்டாக்கிச் சொன்னேன்.

வீட்டிலே மருந்துப் போத்தலை ஈர மணல் நிரப்பிய முட்டிக்குள் புதைத்து, அடுப்படிக்குப் பின்னால் வெயில் படாத மூலையில் வைத்தோம். கண்ணாடி ஊசியை அவள் தினமும் அவித்து எடுப்பாள். முனை மழுங்கினால் நான் சாணைக்கல்லில் தீட்டிக் கொடுப்பேன். முதல் மாதம் நான்தான் தொடையில் குத்தினேன். பிறகு அவளே பழகிக்கொண்டாள். சலத்தைச் சோதிக்கப் பள்ளிக்கூட ஆய்வுகூடத்திலிருந்து நீலக் கரைசல் கொண்டுவந்து கொடுத்தேன். சோதனைக் குழாயில் கரைசலை விட்டு, எட்டுத் துளி சலம் சேர்த்து, ஸ்பிரிட் விளக்கில் கொதிக்க வைக்க வேண்டும். நிறம் மாறாமல் நீலமாகவே இருந்தால் சீனி இல்லை. பச்சை என்றால் கொஞ்சம். மஞ்சள் என்றால் கூட. செங்கல் நிறத்தில் அடியில் மண்டினால் ஆபத்து. நான் சைக்கிளை வெளியே எடுக்கும்போது அடுப்படியிலிருந்து அவளுடைய குரல் வரும். “நீலம்” என்பாள். அல்லது, “கொஞ்சம் பச்சை. ராத்திரி ஒரு பிடி கூடத் திண்டிட்டன், பேசாதேங்கோ” என்பாள்.

எனக்கு எதையும் விளக்காமல் இருக்க முடியாது. இந்த மருந்து உள்ளே என்ன செய்கிறது என்று ஒரு நாள் அவளை இருத்தி வைத்துச் சொன்னேன். “நீர் சாப்பிடுற சோறு சீனியாகி இரத்தத்திலை போகுது. போய் ஒவ்வொரு கலத்தின்ரை படலையிலையும் நிக்குது. உள்ளுக்கு இருக்கிறவை முன்னைப்பின்னை தெரியாத ஆளுக்குப் படலை திறக்க மாட்டினம். தெரிஞ்ச ஆள் வந்து கூப்பிட்டால் திறப்பினம். அந்த ஆள்தான் இந்த மருந்து. உம்முடைய உடம்பிலை அந்த ஆள் இல்லை, அதாலை வெளியிலையிருந்து அனுப்புறம்.” அந்தக் காலத்தில் யாருக்கும் அது சரியாகத் தெரியாது. நான் குத்துமதிப்பாகச் சொன்னது பெரும்பாலும் சரிதான் என்று இப்போது இந்தப் புத்தகம் சொல்கிறது.

அவள் எங்கள் படலைப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். “அப்ப படலைக்கு வெளியிலை சோறு குவிஞ்சு கிடக்க உள்ளுக்கு இருக்கிறவை பட்டினி. பாவம்” என்றாள். நாலாம் வகுப்போடு நின்றவள். என் வகுப்பில் ஒருவனும் அப்படித் திருப்பிச் சொன்னதில்லை. பிறகு கேட்டாள்: “இஞ்சருங்கோ, உந்தக் கிழங்கின்ரை விதை எடுப்பிக்க ஏலாதே? எங்கடை மண்ணிலை எதைப் போட்டாலும் வரும்.”

ஐந்து வருஷம் அப்படிப் போனது. அவள் இருந்தாள். எனக்கு அது போதுமாயிருந்தது. பிள்ளைகள் இல்லை, அதைப் பற்றி நாங்கள் கதைப்பதில்லை.

யுத்தம் தொடங்கி ஒரு வருஷம் ஆனபோது, ஒரு வெள்ளிக்கிழமை, என்னோடு படிப்பித்த வாத்தியார் ஒருவர் தன் வீட்டுக்கு வரச்சொன்னார். குருநகர்க் கத்தோலிக்கர், தகப்பனும் அண்ணையும் கடற்தொழில். பனங்கிழங்கு மாவில் ஒடியல் கூழ் காய்ச்சியிருந்தார்கள். பெரிய பானையைச் சுற்றி எல்லாரும் நிலத்தில் இருந்து, பலாவிலையைக் கோலிக் குடித்தோம். மீன், நண்டு, இறால் எல்லாம் கிடந்தது. நான் சைவம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அந்த வாசம் சொல்ல விடவில்லை. மூன்று முறை வாங்கிக் குடித்தேன். இன்றைக்கும் நினைத்தால் நாக்கு ஊறுகிறது, பாழாய்ப்போன நாக்கு.

வீட்டுக்கு வந்தபோது பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. அவள் மாட்டுக் கொட்டிலடியில் பால் செம்போடு நின்றாள். வெள்ளிக்கிழமை, முழுகித் தலையை விரித்து விட்டிருந்தாள்.

“அங்கையே நில்லுங்கோ. என்னவோ மணக்குது.”

“என்ன மணக்குது?”

“மீன். வெள்ளிக்கிழமையும் அதுவுமா.” அவள் கோபமாகக்கூடச் சொல்லவில்லை. “கிணத்தடியிலை முழுகிப்போட்டு உள்ளுக்கு வாங்கோ. விளக்கு வைச்சிருக்கிறன்.”

சரி என்று முழுகியிருக்க வேண்டும். அவ்வளவுதான் செய்ய வேண்டியிருந்தது. பிடிபட்ட கள்ளனுக்குத்தான் கோபம் கூட வரும். வாத்தியாருக்கு யார் புத்தி சொல்வது என்று ஏதோ உளறினேன். அவள் மாட்டின் கழுத்தைத் தடவிக்கொண்டு, மெல்ல, “ஒரு உயிரைச் சாகடிச்சு வயித்திலை போட்டுக்கொண்டு வந்து நிக்கிறியள், அதுக்குள்ளை கோவம் வேறை” என்றாள்.

அப்போது என் உடம்பில் என்ன நடந்தது என்பதும் இந்தப் புத்தகத்தில் இருக்கிறது. சிறுநீரகத்துக்கு மேலே தொப்பி மாதிரி இருக்கிற இரண்டு சுரப்பிகள் இரத்தத்துக்குள் கொட்டிவிடும். நெஞ்சு அடிக்கும், காது சுடும். எனக்கு எல்லாம் வந்தது. அதுவரைக்கும் அவளை ‘நீர்’ என்று தவிர நான் கூப்பிட்டதில்லை.

“நீயோ எனக்குச் சொல்லுறாய்? அஞ்சு வருஷமா ஒவ்வொரு நாளும் விடிய நீ ஏத்திறது என்னண்டு தெரியுமே உனக்கு? கிழங்குமில்லை மண்ணாங்கட்டியுமில்லை. மாடு. மாட்டை வெட்டி, அதின்ரை சதையியை அரைச்சு வடிச்ச சாறு. உன்னை உயிரோடை வைச்சிருக்க எத்தினை மாடு செத்துதெண்டு கணக்குப் பாத்திட்டு வந்து எனக்கு மீன் மணக்குதெண்டு சொல்லு.”

அவளுடைய கை மாட்டின் கழுத்திலேயே இருந்தது. பிறகு அதை எடுத்தாள். தொடக் கூடாததைத் தொட்டுவிட்டவள் மாதிரி எடுத்தாள். பால் செம்பை நிலத்தில் வைத்தாள்.

“கிழங்கெண்டு சொன்னனீங்கள்” என்றாள். செம்பை அங்கேயே விட்டு உள்ளே போனாள். நான் முழுகிவிட்டு வந்தபோது எனக்குச் சோறு போட்டு மூடி வைத்திருந்தது.

மன்னிப்புக் கேட்பது எங்கள் பரம்பரையில் இல்லாத பழக்கம். மறுநாள் விடிய, சைக்கிளைத் துடைப்பதுபோல நின்றுகொண்டு, “மருந்து போட்டாச்சோ?” என்று கேட்டேன். “ஓம்” என்றாள். “என்ன நிறம்?” “நீலம்.” அப்பாடா என்று பள்ளிக்கூடம் போய்விட்டேன். ஞாயிற்றுக்கிழமை அவள் பார்க்காத நேரம் மணல் முட்டிக்குள் கையை விட்டுப் போத்தலை எடுத்துப் பார்த்தேன். குறைய வேண்டிய அளவு சரியாகக் குறைந்திருந்தது. படிக்காதவள் என்றாலும் புத்தியுள்ளவள், விளங்கிக்கொண்டுவிட்டாள் என்று நினைத்தேன். எனக்குக் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. இனிப் பொய் சொல்லத் தேவையில்லை, ஒருவகையில் நல்லதுக்குத்தான் என்று எனக்கு நானே சமாதானம் சொன்னேன்.

பேச்சு மட்டும் வரவில்லை. பள்ளிக்கூடத்தில் சோதனைக் காலம். அதைச் சாட்டாக வைத்து விடியவே போய்ப் பொழுதுபட்டு வந்தேன். அவளுடைய முகத்தைப் பார்க்க எனக்கு வெட்கம். ஒரு நாள் சந்தையில் பாகற்காய் வாங்கி வந்து அடுப்படி வாசலில் வைத்தேன். சீனி வியாதிக்கு நல்லது என்று ஊரெல்லாம் சொல்லும் காய். மன்னிப்புக்குப் பதிலாகப் பாகற்காய் கொடுத்த மனுஷன் உலகத்தில் நான் ஒருவனாகத்தான் இருப்பேன். அவள் அதைக் கறியாக்கி எனக்கும் போட்டாள்.

அடுப்பில் எப்போதும் ஏதோ அவிந்துகொண்டிருந்தது. ஆவரசம்பூ மணம். நாவற்கொட்டை இடிக்கிற சத்தமும் கேட்டது. கைமருந்தும் சேர்த்துக் குடிக்கிறாள் போலிருக்கிறது, குடிக்கட்டும் என்று விட்டுவிட்டேன். கிணற்றடியில் அடிக்கடி கண்டேன். வாளி விழுகிற சத்தம் கேட்கும், நிமிர்ந்து பார்த்தால் முதுகைக் காட்டிக்கொண்டு நிற்பாள். அழுதுவிட்டு முகம் கழுவுகிறாள் என்று நினைத்து, பார்க்காதவன்போல உள்ளே போய்விடுவேன். கை வளையல் மேலே ஏறியிருந்தது. என்னோடு உள்ள கோபத்தில் சாப்பிடாமல் கிடக்கிறாள், நாலு நாளில் சரிவரும் என்றேன். ஐந்து வருஷத்துக்கு முன்பு ஒவ்வொன்றாகக் கண்டு, டாக்குத்தரிடம் நானே ஒப்புவித்த குணங்குறிகள். அவளுடைய உடம்பு எனக்கு விடாமல் சொல்லிக்கொண்டுதான் இருந்தது. நான் வாங்கவில்லை.

ஒவ்வொரு நாள் விடியவும், “என்ன நிறம்?”

“நீலம்.”

பதினோராம் நாள், செவ்வாய்க்கிழமை, பள்ளிக்கூடம் விட்டு வரும்போது படலையடியிலேயே மாடு கத்துவது கேட்டது. பால் கறக்கவில்லை. அவள் அடுப்படி நிலத்தில் பாயில்லாமல் கிடந்தாள். ஓடி வந்தவள் மாதிரி மூச்சு வாங்கினாள், ஆழமாக, ஓய்வில்லாமல். குனிந்தேன். மூச்சில் கனிந்து அழுகின பழத்தின் மணம். அது என்ன என்று நான் வகுப்பில் படிப்பித்திருக்கிறேன். சீனியைத் தொட முடியாத கலங்கள் கொழுப்பை எரிக்கும். அந்தப் புகை இரத்தத்தைப் புளிக்கவைக்கும்.

பக்கத்து வீட்டுக்காரர் ஓடிப்போய்ச் சந்தியிலிருந்து வாடகைக் கார் கொண்டுவந்தார். மிஷன் ஆஸ்பத்திரியில் டாக்குத்தர் தானே பக்கத்தில் நின்று இன்சுலின் ஏற்றினார், உப்புத் தண்ணீர் ஏற்றினார். மறுநாள் மத்தியானம் அவளுக்குத் தெளிவு வந்தது. கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தாள். நான் அழுதேன். வெட்கப்படாமல் அழுதேன்.

“மாடு கறந்ததே?” என்று கேட்டாள். குரல் காற்றுப்போல வந்தது.

“பக்கத்து வீட்டிலை பாக்கினம். நீர் கதையாதையும்.”

மருத்துவத் தாதி ஊசியோடு வந்தாள். படுத்திருந்தவள் ஊசியைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள்.

“உது அந்தக் கிழங்கு மருந்தே?”

கேள்வியில் குற்றச்சாட்டு ஒன்றும் இல்லை. தெரிந்துகொண்டுதான் கேட்டாள். அவள் பிழைக்க வேண்டும், அவ்வளவுதான் எனக்கு. “ஓம்” என்றேன். “கிழங்கு மருந்துதான். அண்டைக்குக் கோவத்திலை பொய் சொன்னனான்.”

அவளுடைய வாய் கொஞ்சம் கோணியது. சிரிப்பு என்றுதான் நினைக்கிறேன்.

“நீங்கள் கோவத்திலைதான் உண்மை சொல்லுவியள்” என்றாள்.

கையை இழுக்கவில்லை. இழுக்கத் தெம்பும் இல்லை. அன்று பொழுதுபடுகிற நேரம் இருதயம் நின்றுவிட்டது. அவளுக்கு இருபத்தெட்டு வயது.

செத்தவீட்டில் என்ன நடந்தது என்று எனக்குச் சரியாக நினைவில்லை. சனிக்கிழமை ஆஸ்பத்திரிக்குப் போனேன், சண்டை பிடிக்க. யுத்தக் காலம், கப்பல் எல்லாம் சுற்றி வருகிறது, வழியில் சூட்டில் பழுதாகிப்போன மருந்தை எங்கள் தலையில் கட்டிவிட்டார்கள் என்று முடிவு கட்டியிருந்தேன். தினமும் போட்டாள், போத்தல் குறைந்திருக்கிறது, சலம் நீலம், பிறகு எப்படிச் செத்தாள் என்று டாக்குத்தரின் மேசையில் அடித்துக் கத்தினேன். அவர் நான் களைக்கும் வரைக்கும் இருந்தார்.

“அதே மருந்து போட்டுத்தான் மற்ற நோயாளியள் நல்லா இருக்கினம்” என்றார். “அவவை நாங்கள் சோதிச்சனாங்கள். ரெண்டு தொடையிலையும் பழைய தழும்பு மட்டும்தான். புது ஊசித் தடம் ஒண்டுகூட இல்லை. வீட்டிலை ஏதும் நடந்ததே?”

நான் சைக்கிளை எடுத்துக்கொண்டு புறப்பட்டேன். வீட்டில் நடந்ததை இன்றுவரை யாருக்கும் சொல்லவில்லை.

வீட்டுக்கு வந்து முதலில் சோதனைக் குழாயை எடுத்துப் பார்த்தேன். அவள் அதைக் கழுவிக் கவிழ்த்து வைத்திருந்தாள். ஆனால் அடி வளைவில் செங்கல் நிறம் ஒட்டிக் காய்ந்து கிடந்தது, நகத்தால் சுரண்டினாலும் போகவில்லை. ஒவ்வொரு நாளும் சோதித்திருக்கிறாள். ஒவ்வொரு நாளும் சிவப்பைப் பார்த்துவிட்டு என்னிடம் நீலம் என்று சொல்லியிருக்கிறாள். கைமருந்து இன்றைக்குக் கேட்கும், நாளைக்குக் கேட்கும் என்று காத்திருந்தாளா, அது எனக்குத் தெரியாது. சாக வேண்டும் என்று நாவற்கொட்டை இடிக்கிறவர்கள் இல்லை. மாட்டு மருந்தைத் தொடாமல் இருந்து பார்க்க நினைத்திருக்கிறாள். என்னிடம் சொன்னால் நான் வாதாடி வென்றுவிடுவேன் என்று அவளுக்குத் தெரியும்.

மருந்தை எங்கே ஊற்றியிருப்பாள் என்று யோசிக்கத் தேவையிருக்கவில்லை. சாமி அறையில் எடுக்கிற பழைய பூவையும் தீர்த்தத் தண்ணீரையும் கண்ட இடத்தில் கொட்டக் கூடாது, கால்படாத இடத்தில் கொட்ட வேண்டும். எங்கள் வளவில் அது வேலி மூலை, நந்தியாவட்டைக்கு அடி. மிதிபடக் கூடாத எதையும் அவள் அங்கேதான் கொண்டுபோவாள். கொட்டிலைத் தாண்டிப் போனேன்.

அங்கே மண்ணைக் கையால் மட்டப்படுத்தியிருந்தது. அதில் வரிசையாக அலரிப்பூ வைத்திருந்தது. ஊசியில் அளந்து எடுத்து, மண்ணில் விட்டு, அதற்கு மேல் நாளுக்கு ஒரு பூ. முதலாவது சருகாகிக் கிடந்தது. கடைசிப் பூவில் கொஞ்சம் சிவப்பு மிச்சமிருந்தது. முழங்கால் குத்தியிருந்து மண்ணில் மூக்கை வைத்தேன். கடைசிப் பூவுக்குக் கீழே மட்டும் மருந்துப் போத்தலின் ஆஸ்பத்திரி மணம் மெல்ல இருந்தது. நான் எண்ணினேன். பதினொன்று.

உடம்பு அனுப்புகிற செய்தி சில நிமிஷத்தில் அழிந்துபோகும் என்று இந்தப் புத்தகத்தில் எழுதியிருக்கிறது. என் வாயிலிருந்து போனதை அழிக்க ஒன்றும் இருக்கவில்லை. அவளுக்குள் போய், போன வேலையை முடித்துவிட்டது.

“என்னை மன்னிச்சுக்கொள்ளும்” என்று அந்த மண்ணைப் பார்த்துச் சொன்னேன். பதினொரு நாளும் தொண்டைக்குள் கிடந்த சொல். வாங்க ஆள் இல்லை. கொட்டிலில் நின்ற மாடு மட்டும் திரும்பிப் பார்த்தது.